டெல்கிக்கு ஏன் இத்தனை வக்கீல்கள்?

அப்துல் கரீம் டெல்கி குற்றவாளியே இல்லை, சிஸ்டம்தான் குற்றவாளி. போலி முத்திரைத்தாள் மோசடியைச் சொல்லும் ‘ஸ்கேம் 2003: தி டெல்கி ஸ்டோரி’ தொடர் சோனி லிவ்வில் வந்த 2023 செப்டம்பரிலிருந்து புனேயின் ஹடப்சரில் நான் திரும்பத் திரும்பக் கேட்கும் தீர்ப்பு இது. மகர்பட்டா ஐடி வளாகத்து கேன்டீனில் கேட்கிறேன். காடிதள் பேருந்து நிறுத்தத்து டீக்கடையில் கேட்கிறேன். புனே தமிழர்களின் வாட்ஸ்அப் குழுக்களில் படிக்கிறேன். சொல்கிறவர்கள் ரவுடிகள் இல்லை. மாதச் சம்பளம் வாங்கி, ஒழுங்காக வரி கட்டி, பிள்ளைகளைப் படிக்க வைக்கும் நல்ல மனிதர்கள். அதனால்தான் இந்தத் தீர்ப்பு என்னைத் தொந்தரவு செய்கிறது. இது தவறான தீர்ப்பு. தவறு என்பதை ஒவ்வொன்றாகக் காட்ட முடியும்.

முதலில் அவர்கள் வாதத்தைக் குறைக்காமல் வைத்துவிடுகிறேன். பெல்காம் மாவட்டம் கானாப்பூரில் எளிய குடும்பத்தில் பிறந்து, ரயிலில் பழம் விற்று வளர்ந்த ஒருவர் மும்பைக்கு வருகிறார். முத்திரைத்தாள் விற்கும் உரிமம் வாங்குகிறார். நாசிக்கில் அரசின் பாதுகாப்பு அச்சகம் கழித்துக்கட்டிய இயந்திரம் அவர் கைக்குப் போய்ச் சேருகிறது. உள்ளே இருப்பவர்களின் தயவு இல்லாமல் இது நடந்திருக்காது. சந்தையில் முத்திரைத்தாளுக்குத் தட்டுப்பாடு வருகிறது, அந்த இடத்தை அவர் அடித்த போலித்தாள் நிரப்புகிறது. போலீஸ்காரர்கள் காசு வாங்கினார்கள். மகாராஷ்டிர சட்டமன்ற உறுப்பினர் ஒருவர் கைதானார். மும்பை போலீஸ் கமிஷனராக இருந்தவர் ஓய்வு பெற்ற மறுநாளே கைதானார். கடைசியில் சிறையிலேயே நோயாளியாகி, 2017 அக்டோபரில் பெங்களூரு விக்டோரியா மருத்துவமனையில் கைதியாகவே செத்தவர் டெல்கி. அவர் யாரையும் கொல்லவில்லை, ஏழை வயிற்றில் அடிக்கவில்லை, ஏமாந்தது அரசாங்கம் மட்டுமே. தொடரும் அவரைத் தூக்கிப் பிடிக்கவில்லை, நடந்ததைக் காட்டியது, முடிவைப் பார்வையாளரிடம் விட்டது. இதுதான் அந்த வாதம்.

இதில் உண்மை உண்டு என்பதை நான் மறுக்கவில்லை. தொடரும் மட்டமான தொடர் இல்லை. துஷார் ஹிராநந்தானி நிதானமாக இயக்கியிருக்கிறார். ககன் தேவ் ரியார் அந்தப் பருத்த உடம்பையும் குழைந்த பேச்சையும் வைத்துக்கொண்டு, எதிரே உட்கார்ந்திருப்பவனின் விலை என்ன என்று கணக்குப் போடும் கண்ணைக் காட்டுகிறார். அந்த நடிப்பு மறக்காது. இப்படிப்பட்ட தொடர்களைத் தடை செய் என்று கூப்பாடு போடும் கூட்டத்திலும் நான் இல்லை. கெட்டவனை நடுவில் வைத்துக் கதை சொல்லக் கூடாது என்றால் பாதி இலக்கியத்தை எரிக்க வேண்டியிருக்கும். தொடரோடு எனக்குள்ள சண்டை பாதிதான். அதைப் பார்த்துவிட்டு நாம் சொல்லும் தீர்ப்போடுதான் முழுச் சண்டையும்.

1. ஏமாந்தது அரசாங்கம் என்றால், அரசாங்கம் யார்? ஹடப்சரில் இன்று ஒருவர் ஐம்பது லட்சத்துக்கு ஃபிளாட் வாங்கினால் முத்திரைத்தீர்வை ஏழு சதவீதம், மூன்றரை லட்சம். பெண் பெயரில் வாங்கினால் ஒரு சதவீதம் குறையும். அந்த ஏழில் ஒன்று உள்ளாட்சிக்கு, ஒன்று மெட்ரோவுக்கு, மீதி மாநிலக் கருவூலத்துக்கு. மாநிலம் தன் சொந்தக் கையால் வசூலிக்கும் வருவாயில் பத்திரப்பதிவும் முத்திரைத்தீர்வையும் ஒரு பெரிய பங்கு. சோலாப்பூர் சாலையில் தினமும் நாம் திட்டிக்கொண்டே கடக்கும் பள்ளத்தை மூட வேண்டிய பணமும் அங்கிருந்துதான் வர வேண்டும். போலித்தாள் விற்றவன் எடுத்தது இந்தப் பணத்தை. விழுந்த ஓட்டையை யார் அடைப்பார்? அடுத்து நேர்மையாகத் தீர்வை கட்டுகிறவர் அடைப்பார். ஊரான் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே என்று அள்ளிவிட்டவனைப் பார்த்து நெய்க்குச் சொந்தக்காரனே கைதட்டுவதை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

போலித்தாள் வாங்கியவன் கதி இன்னும் மோசம். முத்திரைத்தீர்வை முறையாகச் செலுத்தப்படாத ஆவணத்தை நீதிமன்றம் சாட்சியமாக எடுத்துக்கொள்ளாது. குறைந்த தொகையையும் அதற்கு மேல் அபராதத்தையும் கட்டினால்தான் ஏற்கும். ஸ்டாம்ப் வெண்டரிடம் முழு விலை கொடுத்து, தாள் போலி என்று தெரியாமல் கிரயமோ குத்தகையோ எழுதியவர், தகராறு வரும் நாளில் ஒரே தீர்வையை மறுபடி கட்ட வேண்டும், தண்டமும் கட்ட வேண்டும். ‘பாதிக்கப்பட்டவரே இல்லாத குற்றம்’ என்கிறார்கள். பாதிக்கப்பட்டவர் உண்டு. தொடரில் அவருக்கு ஒரு காட்சி இல்லை, அவ்வளவுதான்.

எங்கள் அடுக்ககத்தில் வாடகை ஒப்பந்தம் போட ஏஜென்ட் வீட்டுக்கே வந்துவிடுவார். மடிக்கணினி, அதில் செருகிய கைரேகைக் கருவி, ஆதார் எண், வீட்டுக்காரர், குடித்தனக்காரர், இரண்டு சாட்சிகள். ஒவ்வொருவரும் கட்டைவிரலை அழுத்த வேண்டும், கேமராவைப் பார்க்க வேண்டும். ஒருமுறை குடிவந்த மதுரைப் பையன் ஒருவன், கருவி அவன் ரேகையை ஏற்காமல் படுத்த, விரலைச் சட்டையில் துடைத்துத் துடைத்து வைத்துக்கொண்டே சொன்னான்: “அண்ணே, டெல்கி யாரையும் கொல்லலையேண்ணே. கவர்மென்ட்டைத்தானே ஏமாத்துனான்.” நான் கேட்டேன்: “இந்தா, உன் விரலை நம்பாம மிஷின் திருப்பித் திருப்பிக் கேக்குதே, தம்பி. வெறும் தாளை நம்புன காலம் எதனால போச்சு?” முத்திரைத்தாளை நம்ப முடியாது என்று ஆன பிறகுதான் இ-ஸ்டாம்பிங்கைக் கொண்டுவந்தார்கள். நல்ல மாற்றம்தான். ஆனால் ஒரு நாட்டின் தாள் மீதிருந்த நம்பிக்கையை ஒருவன் விற்றுத் தின்றான் என்பதற்கு இதைவிடப் பெரிய சாட்சி வேண்டியதில்லை.

2. சிஸ்டம் என்று ஒரு ஆள் கிடையாது. லஞ்சம் என்றால் வாங்கியவன் ஒருவன், கொடுத்தவன் ஒருவன். ‘சிஸ்டம்தான் குற்றவாளி’ என்று சொல்லும்போது வாங்கியவன் மட்டும் கூண்டில் நிற்கிறான், கொடுத்தவன் பார்வையாளர் பக்கம் வந்து உட்கார்ந்துகொள்கிறான். டெல்கி அந்த அமைப்பில் சிக்கிய அப்பாவி இல்லை. அதற்குப் படியளந்தவர். காசு வாங்கிய காவலரைக் கெடுத்த கை அவருடையது. அமைப்பு கெட்டிருந்தது என்பது எவ்வளவு உண்மையோ, அதை இன்னும் கெடுக்க அவர் செலவழித்தார் என்பதும் அவ்வளவு உண்மை. முதலாவதைச் சொல்லி இரண்டாவதை மறைப்பது முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது.

‘சிஸ்டம்’ என்ற சொல் இன்னொரு அநியாயமும் செய்கிறது. இந்த மோசடியை வெளியே இழுத்துப் போட்டவர்களும் அதே அமைப்பின் உள்ளே இருந்தவர்களே. இங்கிருந்து சில கிலோமீட்டர் தள்ளி இருக்கும் பண்ட் கார்டன் காவல் நிலையத்தில் 2002 ஜூனில் பதிவான வழக்குதான் மகாராஷ்டிரத்தில் இந்த விவகாரத்தைக் கிளறியது. அண்ணா ஹசாரே பொதுநல வழக்குப் போட்டார். பம்பாய் உயர் நீதிமன்றம் விசாரணையைத் தன் பார்வைக்குள் கொண்டுவந்தது. சுபோத் ஜெய்ஸ்வால் தலைமையிலான சிறப்புப் புலனாய்வுக் குழு தன் துறைக்காரர்களையே கைது செய்தது. 2004-ல் உச்ச நீதிமன்றம் வழக்குகளை சிபிஐக்கு மாற்றியது. 2007 ஜூனில் புனே சிறப்பு நீதிமன்றம் டெல்கிக்கு 13 ஆண்டுக் கடுங்காவலும் 202 கோடி ரூபாய் அபராதமும் விதித்தது. அந்த வழக்கில் அவர் குற்றத்தை ஒப்புக்கொண்டிருந்தார் என்பதை அவருடைய இன்றைய வக்கீல்கள் சொல்வதே இல்லை. ‘எல்லோரும் திருடர்கள்’ என்பவர்கள், லஞ்சம் நீட்டப்பட்டபோது கை நீட்டாத எழுத்தரையும் காவலரையும் சேர்த்தே திருடர்கள் என்கிறார்கள். கெட்ட அமைப்புக்குள் நேர்மையாக இருப்பது எவ்வளவு கஷ்டம் என்று தெரிந்தவர்கள் இப்படிப் பேசக் கூடாது.

கைதுப் பட்டியலையே தீர்ப்பாகப் படிப்பதும் இதே கோளாறு. கைதான அந்த மும்பை முன்னாள் கமிஷனருக்கு 2005 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் பிணை கொடுத்தது. அவரைக் குற்றவாளி என்று எந்த நீதிமன்றமும் தீர்ப்பளிக்கவில்லை. ஆனால் டெல்கி வெறும் பகடைக்காய் என்று நிறுவ வேண்டுமென்றால் மேலே உள்ள எல்லோரும் குற்றவாளியாக இருந்தே ஆக வேண்டும். குற்றத்தை ஒப்புக்கொண்டவருக்கு இரக்கம் காட்ட, குற்றம் நிரூபிக்கப்படாதவருக்குத் தண்டனை கொடுக்கிறது இந்த நியாயம்.

3. இந்த இரக்கம் எல்லோருக்கும் உண்டா? 2022 கடைசியிலும் 2023 தொடக்கத்திலும் புனேயை ஆட்டிவைத்த ‘கொய்தா கேங்’ ஹடப்சர்க்காரர்களுக்கு மறந்திருக்காது. பதினேழு, பதினெட்டு வயசுப் பையன்கள் கொய்தா என்கிற வெட்டரிவாளைச் சுழற்றிக்கொண்டு கடைகளை நொறுக்கினார்கள், நிறுத்தியிருந்த வண்டிகளை உடைத்தார்கள், அதையே ரீல்ஸாகவும் போட்டார்கள். 2024 பிப்ரவரியில் புதிதாக வந்த போலீஸ் கமிஷனர் நகரத்து ரவுடிகள் இருநூறுக்கும் மேற்பட்டோரை அலுவலகத்துக்கு வரவழைத்து வரிசையில் நிறுத்தி, ரீல்ஸ் போடாதே என்று எச்சரித்தார். அப்போது நம் வாட்ஸ்அப் குழுக்களில் என்ன எழுதினோம்? தோலை உரிக்க வேண்டும், முட்டிக்குக் கீழே சுட வேண்டும் என்று எழுதினோம்.

அந்தப் பையன்களும் ஏழை வீட்டுப் பிள்ளைகள். பாதியில் பள்ளியை விட்டவர்கள். அவர்கள் கையில் அரிவாளைக் கொடுத்து ஏவியவர்களும் இருந்தார்கள். வறுமையும் அமைப்பும் ஒருவனை விடுவிக்கும் என்றால் முதலில் அவர்களை அல்லவா விடுவிக்க வேண்டும்? அவர்களுக்கு ஏன் நம்மிடம் ஒரு வக்கீல்கூட இல்லை? காரணம் எளிது. கொய்தா நம் காரின் கண்ணாடியை உடைக்கும், போலி முத்திரைத்தாள் உடைப்பது கண்ணுக்குத் தெரியாது. இன்னொரு காரணமும் உண்டு. அரிவாள்காரனிடம் நாம் நம்மைப் பார்ப்பதில்லை. கோட்டுப் போட்டு, ஆங்கிலம் பேசும் விற்பனையாளர்களை வேலைக்கு வைத்து, வங்கிகளுக்கும் காப்பீட்டு நிறுவனங்களுக்கும் போலித்தாள் சப்ளை செய்தவனிடம் நம்மில் பலர் தங்களைப் பார்க்கிறோம். இதற்கு நியாயம் என்று பெயர் வைக்க முடியாது. இது வர்க்கப் பாசம்.

4. ‘செம்ம மூளைடா அவனுக்கு’ என்கிறார்கள். மூளை இருந்தது. அதனால் என்ன? கானாப்பூர் ஸ்டேஷனில் அவரோடு பழம் விற்றவர்கள் பலர், அவர்களும் வறுமையில்தான் இருந்தார்கள், அவர்கள் நோட்டடிக்கவோ முத்திரைத்தாள் அடிக்கவோ போகவில்லை. அவர்களுக்கு மூளை இல்லை என்றா அர்த்தம்? ‘30,000 கோடி’ என்று ஒரு தொகை ஊரெல்லாம் சுற்றுகிறது. தொகை கூடக் கூட மரியாதையும் கூடுகிறது. ஆயிரம் ரூபாய் திருடியவனைக் கம்பத்தில் கட்டி அடிக்கும் அதே ஊர் இது.

இதே சோனி லிவ்வில் 2020-ல் ‘ஸ்கேம் 1992’ வந்தபோதும் இதுதான் நடந்தது. ஹர்ஷத் மேத்தாவாகப் பிரதிக் காந்தி நடித்ததைப் பார்த்துவிட்டு, அந்த இசையை ரிங்டோனாக வைத்துக்கொண்டவர்களை எனக்குத் தெரியும். அவர்களில் ஒருவரும் கராட் வங்கி என்று ஒன்று இருந்ததைக் கேள்விப்பட்டதில்லை. புனேயிலிருந்து பெங்களூரு நெடுஞ்சாலையில் போனால் சாத்தாரா தாண்டி வரும் ஊர் கராட். அந்த ஊர்ப் பெயரில் இயங்கிய வங்கி, 1992 மோசடியில் கடன்பத்திரம் கையில் இல்லாமலே தரகர்களுக்கு ரசீது எழுதிக்கொடுத்தது. அந்தத் தரகர்கள் மேத்தாவின் ஆட்கள் இல்லை, வேறு ஆட்கள். ஆனால் சூதாட்டம் ஒன்றே. அந்த ஆண்டே வங்கி இழுத்து மூடப்பட்டது. 1994-ல்தான் பேங்க் ஆஃப் இந்தியா அதை எடுத்துக்கொண்டது. இடைப்பட்ட காலத்தில் அங்கே சேமிப்பு வைத்திருந்தவர்கள் என்ன பாடுபட்டிருப்பார்கள்? கரும்புக்காரர்களும் வியாபாரிகளும் உள்ள ஊர் அது. அவர்களை வைத்து ரிங்டோன் வராது.

5. தொடர் வெறுமனே காட்டியது என்பது சரியா? கேமரா யார் தோளுக்குப் பின்னால் நிற்கிறது என்பதே ஒரு தீர்ப்பு. ஒரு மனிதனோடு ரயிலில் பழம் விற்று, அவன் அவமானப்பட்டபோது கூட அவமானப்பட்டு, முதல் லஞ்சம் கைமாறும்போது மூச்சைப் பிடித்துக்கொண்டு, பல மணி நேரம் வாழ்ந்துவிட்ட பார்வையாளர், அவன் மாட்டிக்கொள்ளக் கூடாது என்று வேண்டத்தான் செய்வார். இது மனித இயல்பு, எழுதுகிறவர்களுக்கும் தெரியும். தெரிந்தே அந்த வலிமையைப் பயன்படுத்துகிறவர்கள், முடிவில் சிறைக்கம்பியைக் காட்டிவிட்டோம், கணக்குத் தீர்ந்தது என்று சொல்ல முடியாது.

இந்த வலிமை என்ன செய்யும் என்பதற்கு அமெரிக்காவில் நடந்ததே சாட்சி. 2008 முதல் 2013 வரை ஓடிய ‘பிரேக்கிங் பேட்’ தொடரில், போதைப்பொருள் காய்ச்சும் வேதியியல் ஆசிரியர் வால்டர் வொயிட்டின் மனைவி ஸ்கைலராக நடித்தவர் ஆனா கன். கணவனின் குற்றத்தைத் தட்டிக் கேட்டதுதான் அந்தப் பாத்திரம் செய்த பாவம். ரசிகர்கள் பாத்திரத்தை வெறுத்தார்கள், பிறகு நடிகையையே வெறுத்தார்கள். 2013-ல் அவர் நியூயார்க் டைம்ஸில் அதைப் பற்றி எழுத வேண்டி வந்தது. கொன்றவன் மேல் வராத கோபம் கேள்வி கேட்டவள் மேல் வந்தது. பார்வையாளர் சுதந்திரமாக முடிவெடுக்கிறார் என்பவர்கள் இதற்குப் பதில் சொல்ல வேண்டும்.

அமெரிக்கா வரை போகவும் வேண்டாம். இந்த மாநிலத்துக்கு வந்த தமிழர்களான நமக்கு இதில் ஒரு பழைய பொறுப்பு இருக்கிறது. தூத்துக்குடியிலிருந்து பம்பாய்க்கு வந்து ரயில் நிலையத்தில் மூட்டை தூக்கிய வரதராஜ முதலியார், கள்ளச்சாராயமும் கடத்தலுமாக வளர்ந்து, தாராவியிலும் மாதுங்காவிலும் தமிழர்களுக்குப் பஞ்சாயத்துத் தலைவரானார். 1987-ல் வந்த ‘நாயகன்’ அவர் சாயலில் எடுக்கப்பட்ட படம். படத்தின் கடைசியில் நல்லவரா கெட்டவரா என்று பேரன் தாத்தாவிடம் கேட்கும் கேள்வியும், அதற்கு அந்தக் கிழவர் தெரியவில்லை என்று சொல்வதும் தமிழ்நாட்டில் எல்லோருக்கும் தெரியும். அந்தப் படம் நேர்மையானது. தன் நாயகனுக்கே பதில் தெரியவில்லை என்று ஒப்புக்கொண்டது. அவரை எதிர்த்து வீட்டைவிட்டுப் போகும் மகளுக்குப் பேச இடம் கொடுத்தது. நாம் என்ன செய்தோம்? கேள்வியை விட்டுவிட்டு, ‘நம்ம ஆளு’ என்பதை எடுத்துக்கொண்டோம். அவர் விற்ற சாராயத்தைக் குடித்தவர்களில் தாராவித் தொழிலாளிகளும் இருந்தார்கள், தமிழர்களும் இருந்தார்கள் என்று யாராவது சொன்னால் இன்றும் கோபம் வருகிறது. வீரப்பன் விஷயத்திலும் இதே கதைதான். அவனைப் பற்றிய ஆவணத்தொடர் வந்ததும் மீசையைப் பற்றிப் பேசினோம். அவனால் கொல்லப்பட்ட வனக்காவலர்களின் வீட்டைப் பற்றி எத்தனை பேர் பேசினோம்?

அதனால் டெல்கிக்குப் பரிந்து பேசும் மனநிலை ஏதோ புதிய ஓடிடி நோய் என்று நான் நினைக்கவில்லை. நம்மிடம் முப்பத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாக இருக்கிறது. தொடர்கள் அதற்குத் தீனி போடுகின்றன.

6. டெல்கிக்கு உண்மையாகவே ஒரு அநீதி நடந்தது, அதை அவர் வக்கீல்கள் கண்டுகொள்வதில்லை. மருந்து ஏற்றி, அரைமயக்கத்தில் பேச வைக்கும் நார்கோ சோதனைக்கு அவரை உட்படுத்தினார்கள். அந்தப் பதிவு தொலைக்காட்சியில் ஓடியது. நாடே வேடிக்கை பார்த்தது. ஒருவரின் சம்மதமில்லாமல் இப்படிச் செய்வது அரசியல் சாசனத்துக்கு விரோதம் என்று 2010 மே மாதம் செல்வி எதிர் கர்நாடக மாநிலம் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. கைதியின் மனத்தை உடைத்துத் திறப்பது அரசின் குற்றம். அந்த இடத்தில் நான் டெல்கியின் பக்கம் நிற்கிறேன். ஆனால் ‘சிஸ்டம்’ என்று கத்துகிறவர்கள் அந்தப் பதிவில் அவர் உதிர்த்த பெயர்களைத்தான் ஆதாரமாகப் பரப்புகிறார்கள். அமைப்பு அவருக்குச் செய்த உண்மையான கொடுமை அவர்களுக்குப் பிடித்த பொழுதுபோக்காக இருக்கிறது. அவர்கள் டெல்கியைக்கூட நேசிக்கவில்லை. தாங்கள் செய்ய ஆசைப்பட்டு, துணிச்சல் இல்லாமல் விட்டதைச் செய்தவன் என்ற பிம்பத்தை நேசிக்கிறார்கள்.

‘ஸ்கேம்’ தொடர் வரிசையில் அடுத்தது ‘ஸ்கேம் 2010: தி சுப்ரதா ராய் சாகா’ என்று 2024 மே மாதம் அறிவித்துவிட்டார்கள். சஹாரா குழுமத்தின் கதை. ஸ்கூட்டரில் தொடங்கி விமானக் கம்பெனி வரை வளர்ந்த மனிதர், கிரிக்கெட் அணியின் சட்டையில் பெயர், திகார் சிறை, 2023 நவம்பரில் மரணம். ஒரு நடிகருக்கு இதைவிட நல்ல வேஷம் அமையாது. ஆனால் இந்தக் கதையில் ஏமாந்தது அரசாங்கம் மட்டும்தான் என்று யாரும் சொல்ல முடியாது. 2012 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் இரண்டு சஹாரா நிறுவனங்களிடம் சுமார் 24,000 கோடி ரூபாயை வட்டியோடு திருப்பித் தரச் சொன்னது. பணம் போட்டவர்கள் ஏறக்குறைய மூன்று கோடிப் பேர் என்று கணக்கு. சஹாராவின் கூட்டுறவுச் சங்கங்களில் போட்டவர்களுக்காக 2023 ஜூலையில் மத்திய அரசு ஒரு இணையதளம் திறந்தது. தொடக்கத்தில் ஒருவருக்கு அதிகபட்சம் பத்தாயிரம் ரூபாய்தான் கிடைத்தது. தினம் பத்தும் இருபதுமாக ஏஜென்ட்டிடம் கொடுத்த பெட்டிக்கடைக்காரர்கள், வீட்டுவேலை செய்கிறவர்கள், ரிக்‌ஷாக்காரர்களின் பணம் அது.

அந்தத் தொடரை எடுப்பவர்கள் ஒரு எபிசோடையாவது முழுசாகப் பாஸ்புக் வைத்திருப்பவரின் வீட்டுக்குள் எடுக்கட்டும், சுப்ரதா ராய் அதில் ஒரு காட்சியில்கூட வராமல். பார்த்து முடித்ததும் ‘சிஸ்டம்தான் குற்றவாளி’ என்று எழுதக் கை பரபரக்கிறவர்கள், அந்த வரியை அந்தப் பாஸ்புக்காரரின் முகத்துக்கு நேராகச் சொல்ல முடியுமா என்று ஒருமுறை சொல்லிப் பார்க்கட்டும்.